கோப்புகளை வைத்துக்கொள்ளவா

தங்கச்சிமடத்திலிருந்து பேருந்தில்
மடியிலேயே வைத்துக் கொண்டுவந்தாள் எமல்டா,
பழைய கைலியில் சுற்றிய சிபியுவை.
பாலத்தில் அடித்த காற்றுக்கு
ஜன்னலை மூடச் சொல்லி யாரோடோ சண்டையாம்.
மண்டபத்தில் என் கடை மேசையில் இறக்கினால்
திருகுகள் நான்கும் உப்பேறிச் சுழல மறுத்தன.
ஒன்றுக்குத் தலையே இல்லை.

"என்ன ஆச்சு?"
"தம்பி அக்கவுண்ட்டை அழிச்சிட்டேன்."
"தெரியாமலா?"
மண்ணெண்ணெய் ஊறும்வரை பதில் இல்லை.
பிறகு சொன்னாள்:
"தொறக்குறப்பல்லாம்
நிக்சன்னு பேரு போட்டு, மூஞ்சியவும் காட்டி
பாஸ்வேர்டு கேட்டுச்சு.
அவன் அந்தக் கரை ஜெயில்ல கெடக்கான், நாலு மாசமா.
அவன் பேரச் சொல்லாமத் தொறந்தாப் போதும்னு இருந்துச்சு."

கோப்புகளை வைத்துக்கொள்ளவா, அழிக்கவா என்று
அது கேட்டிருக்கும்.
கேட்காமல் விடாது.

இப்போது வக்கீல் படகின் பதிவுச் சான்று கேட்கிறார்.
அசல் படகோடு போயிற்று.
நகல் அவன் கணக்குக்குள்.

அவளே ஒரு வழி பார்த்திருக்கிறாள்.
அதே எழுத்தில் நிக்சன் என்று புதுக் கணக்கு,
அதே படத்தையும் தேடி ஒட்டி.
உள்ளே போனால் வெறும் நீலத் திரை,
மூலையில் ஒரு குப்பைத்தொட்டி, அதுவும் காலி.
"பேரெல்லாம் நமக்குத்தான்க்கா.
இது உள்ளுக்குள்ள ஒரு நீள நம்பர் குடுத்து வச்சிருக்கும்.
அந்த நிக்சன் வேற நம்பர், இவன் வேற."
"அங்கயும் நம்பர் சொல்லித்தான் கூப்புடுறாங்களாம்" என்றாள்.

மிதப்பை அறுத்துவிட்டால்
வலை எங்கும் போய்விடுவதில்லை,
அடியில் கிடக்கும் என்று அவளுக்கு விளக்கினேன்.
அதன் மேல் இழுவைமடி ஓடாதவரை.
"அழிச்சப்புறம் எதுவும் ஏத்துனீங்களா?"
"மகன் ரெண்டு படம் எறக்குனான்."
இரண்டு முறை ஓடியிருக்கிறது மடி.

வட்டைக் கழற்றி என் கணினியில் மாட்டி,
எழுதாதே, படிக்க மட்டும் செய் என்று கட்டளையிட்டேன்.
பதினொரு சதவீதத்தில் கரண்ட் போய்
முதலிலிருந்து.
கடைசி ராமேசுவரம் பேருந்துக்கு முன்
இரண்டாயிரத்துச் சொச்சம் வந்து சேர்ந்தன,
ஒன்றுக்கும் பெயரில்லை.
வரிசை எண் மட்டும்.

ஒவ்வொன்றாகத் திறந்தாள்.
டீசல் ரசீது. ஐஸ் கம்பெனிக் கடன்.
எஞ்சின் சத்தம் மட்டும் ஓடும் ஒரு நிமிட ஒலி.
மூக்குக்குக் கீழே ஒன்றும் வராத ஒரு பெண்ணின் படம்.
"யாருன்னு தெரியல" என்றாள்,
நான் கேட்பதற்கு முன்பே.

சான்றிதழும் பாதிதான் வந்தது.
முத்திரை இருக்கிறது, அப்பா பெயர் இருக்கிறது,
எண்ணின் கடைசி இரண்டு இலக்கத்தில்
சாம்பல் இறங்கியிருந்தது.
"நாலு, ஒம்போது" என்றாள் திரையைப் பார்க்காமல்.
இது போதுமா என்று வக்கீல்தான் சொல்ல வேண்டும்.

எழுந்தவள் இன்னும் ஒன்றைத் திறந்தாள்.
கட்டம் போட்ட தாள்.
பாகை, கலை, பக்கத்தில் அவன் வைத்த பெயர்கள்:
மாமன் பார்.
வலை கிழிஞ்சது.
நண்டு மட்டும்.
இங்க வேணாம்.
கடைசியது சிவப்பில், கோட்டுக்கு அந்தப் பக்கம்.
அதற்கு நேரே ஏழு தேதிகள்.
ஏழாவது, அவனைப் பிடித்த நாள்.

வெளியே பேருந்து ஹாரன் அடித்தது.
"இது வரலன்னு வச்சுக்க."
வந்துவிட்டதே அக்கா.
"அழிச்சிரு."
அழித்தேன்.
என்னையே பார்த்தாள்.
"அழிச்சாப் போயிருமா?"

மூன்று மணி நேரமாக
போகாது என்று சொல்லிக்கொண்டிருந்தவன் நான்.
"மேல ஏதாவது எழுதணும். வட்டு நெறைய."

கைலியை உதறி மடித்தபடி யோசித்தாள்.
"அந்த ரெண்டு படத்தையும் திரும்பத் திரும்ப ஏத்து."
"முழுசாவா?"
"பின்ன? எடவேள வரைக்குமா?"